தடையும் கட்டுப்பாடும்: 1893ஆம் ஆண்டுக் கஞ்சா விசாரணைக் குழுவும் அதன் பின்வரலாறும்

போதைப் பொருள்களைச் சட்டத்தின் வாயிலாக முற்றிலும் ஒழிப்பதா, அன்றி அவற்றை அரசின் கண்காணிப்பில் வைத்து அளவோடு விற்க இடந்தருவதா என்னும் வினா இன்று பல நாடுகளில் எழுப்பப்படுகின்றது. உருகுவே நாடு 2013இலும் கனடா 2018இலும் கஞ்சாவுக்குச் சட்ட இசைவு அளித்தன. இச்செயல்களை முன்மாதிரியற்ற புதுமைகளாகக் கருதுவோர் உளர். ஆயின், இதே வினா நூற்றாண்டிற்கு முன்னரே இந்தியாவில் எழுந்தது, ஆயிரத்திற்கும் மேற்பட்ட சாட்சிகளைக் கொண்டு ஆராயப்பட்டது, விடையும் தரப்பட்டது. அவ்விடை சில பத்தாண்டுகள் நடைமுறையில் இருந்து, பின்னர் மறுக்கப்படாமலேயே மறக்கப்பட்டது. அது கிடைத்த முறையையும் கைவிடப்பட்ட முறையையும் இக்கட்டுரை ஆராய்கின்றது.

பெயரும் பொருளும்

இத்துறையில் பெயர்க் குழப்பம் மிகுதி. ஒரே செடியின் மூவகைப் பொருள்களை வட இந்திய மொழிகள் மூன்று தனிச் சொற்களால் வழங்குகின்றன. இலையை அரைத்தும் கரைத்தும் உட்கொள்வது பாங்கு. கருவுறாத பெண் செடியின் பூங்கொத்தை உலர்த்திப் புகைப்பது கஞ்சா. செடியில் கசியும் பிசினைத் திரட்டியெடுப்பது சரஸ். இம்மூன்றும் வீறிலும் விலையிலும் பயன்படுத்துவோரின் சமூக நிலையிலும் வேறுபட்டவை. சரஸ் பெரும்பாலும் மத்திய ஆசியாவின் யார்க்கண்டிலிருந்து லே வழியாகப் பஞ்சாபை அடைந்தது. தென்னாட்டார் அதனை அறிந்தது அரிது. தமிழில் கஞ்சா என்னும் ஒரு சொல்லே செடிக்கும் சரக்குக்கும் பொதுவாயிற்று. பங்கி என்ற சொல் சித்த மருத்துவ வழக்கில் இருப்பினும் பேச்சில் அத்துணைப் பரவவில்லை.

ஆங்கிலப் பெயரைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்து 'இந்தியச் சணல்' என எழுதுவாரும் உண்டு. அது பொருளை மயக்கும். தமிழர் சணல், சணப்பு என்பன நாருக்காகவும் பசுந்தாள் உரத்துக்காகவும் பயிரிடப்படும் வேறு செடிகள். அவற்றுக்குப் போதை இல்லை. எனவே 'இந்திய ஹெம்ப் போதைப் பொருள் ஆணையம்' என அலுவல் முறையில் பெயர் பெற்ற குழு இங்குக் கஞ்சா விசாரணைக் குழு என்றே குறிக்கப்படுகின்றது. இப்பெயர் ஆராய்ச்சி வெறும் சொல்லாராய்ச்சி அன்று. எந்தப் பகுதிக்கு எந்தப் பெயர் என்பதே பிற்காலத்தில் ஒருவனது சிறைத் தண்டனையின் அளவை அறுதியிடும் செய்தியாயிற்று என்பது பின்னர் விளங்கும்.

விசாரணை எழுந்த சூழல்

கஞ்சாவைப் பற்றிய விவாதத்தை அபினியின் வரலாற்றினின்று பிரித்துக் காண இயலாது. வாரன் ஹேஸ்டிங்ஸ் 1773இல் வங்காள அபினியைக் கும்பினியின் தனியுரிமை ஆக்கினார். பாட்னாவிலும் காசிப்பூரிலும் உருட்டிப் பெட்டிகளில் அடைக்கப்பட்ட அபினி கல்கத்தாவில் ஏலம் போய்ச் சீனத்தை அடைந்தது. 1839-42இலும் 1856-60இலும் இதன்பொருட்டுப் போர்கள் நிகழ்ந்தன. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பாதியில் அபினி, நிலவரியை அடுத்து இந்திய அரசின் கருவூலத்தைத் தாங்கிய பெரு வருவாய்களுள் ஒன்றாக நின்றது. இங்கிலாந்தில் குவேக்கர் சமயப் பிரிவினரும் மதுவிலக்கு இயக்கத்தாரும் இதனை அறக்கேடு எனக் கண்டித்து 1874இல் அபினி வணிக ஒழிப்புச் சங்கத்தை நிறுவினர். 1891 ஏப்ரலில் ஜோசப் பீஸ் கொணர்ந்த கண்டனத் தீர்மானத்திற்கு மக்களவையில் பெரும்பான்மையும் கிடைத்தது.

இதே அணியைச் சார்ந்தவர் வில்லியம் ஸ்ப்ராஸ்டன் கெய்ன். இந்திய மதுவிலக்குக்கெனவே 1888இல் ஆங்கிலோ இந்திய மதுவிலக்குச் சங்கத்தைத் தோற்றுவித்த இவர், 1893 மார்ச்சில் மக்களவையில் வங்காளத்துக் கஞ்சா சாகுபடியைப் பற்றி வினா எழுப்பினார். கஞ்சாவால் மக்களின் உடல்நிலையும் ஒழுக்கமும் எவ்வாறு உள்ளன என்பதை ஆராயக் குழு ஒன்று வேண்டும் என்றார். இந்தியா மந்திரி கிம்பர்லி பிரபு இணங்கினார். வங்காளத்துக்கென்றே கேட்கப்பட்ட விசாரணையை இந்திய அரசு நாடு முழுமைக்கும் விரித்தது.

அதே ஆண்டு ஜூன் 30ஆம் நாள், அயர்லாந்து உறுப்பினர் ஆல்பிரட் வெப் கொணர்ந்த தீர்மானத்தைப் பிரதமர் கிளாட்ஸ்டன் திருத்தியமைக்க, அபினிக்கெனத் தனி அரச ஆணையமும் உருவாயிற்று. இந்த வெப்பே 1894 டிசம்பரில் சென்னையில் கூடிய இந்திய தேசியக் காங்கிரசின் பத்தாவது மாநாட்டிற்குத் தலைமை தாங்கியவர். போதைப் பொருள் எதிர்ப்பும் இந்திய அரசியல் கோரிக்கையும் ஒரே மேடையில் சந்தித்ததற்கு இது சான்று. பின்னாளில் காங்கிரசு மேற்கொண்ட நிலைக்கு இச்சந்திப்பு வித்திட்டது எனலாம்.

குழுவும் அதன் பணியும்

1893 ஜூலை 3ஆம் நாள் தீர்மானத்தால் அமைக்கப்பட்ட கஞ்சா விசாரணைக் குழுவின் தலைவர் பஞ்சாபின் நிதி ஆணையராக இருந்த மாக்வொர்த் யங். ஆமனி, ஃபிரேசர் என்னும் ஆட்சி அலுவலர் இருவரும், கல்கத்தா மருத்துவக் கல்லூரியின் வேதியியல் பேராசிரியர் வார்டனும், இந்தியர் மூவரும் உறுப்பினராயினர். அம்மூவர்: வங்காளத்துத் தாகிர்ப்பூர் ராஜா சசி சேகரேசுவர ராய், பஞ்சாபைச் சேர்ந்த கன்வர் ஹர்னாம் சிங், முசாபர்நகரின் லாலா நிகால் சந்த். மெக்கின்டாஷ் செயலராகப் பணியாற்றினார். ஆகஸ்டு 3ஆம் நாள் கல்கத்தாவில் முதற்கூட்டம் நிகழ்ந்தது. எழுபது வினாக்கள் அடங்கிய பட்டியல் நாடெங்கும் அனுப்பப்பட்டது. 1,193 சாட்சிகளின் கூற்றுகள் பதிவாயின. 1894 ஆகஸ்டு 6ஆம் நாள் சிம்லாவில் கையொப்பமான அறிக்கை, இணைப்புகளோடு ஏழு தொகுதிகளாய், மூவாயிரம் பக்கங்களுக்கு மேல் விரிந்தது.

இத்தொகுதிகளைப் புரட்டுவோர்க்கு முதலில் வியப்பளிப்பது அவற்றின் பரப்பு. இராஜசாகி மாவட்டத்து நவகாம் பகுதியின் கஞ்சா மகால் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. இன்று வங்காளதேசத்தில் உள்ள இந்நிலப்பரப்பில்தான் வங்காளத்துக்கு வேண்டிய கஞ்சா உரிமத்தின்கீழ் விளைந்தது. ஆண் செடியின் மகரந்தம் பட்டுப் பெண் செடி விதை கொண்டுவிட்டால் சரக்கின் தரம் கெடும். ஆகவே ஆண் செடிகளைப் பூக்குமுன் இனங்கண்டு களைந்தெறியும் வல்லுநர்களை உழவர்கள் கூலிக்கு அமர்த்தினர். இவர்களுக்குப் போத்தார் என்று பெயர். அறுவடையான கொத்துகளைக் காலால் மிதித்துத் தட்டையாக்குவது ஒருவகை, உருட்டித் திரட்டுவது மற்றொருவகை. விளைந்த சரக்கு அனைத்தும் அரசின் கண்காணிப்பில் உள்ள கிடங்குகளுக்குச் சென்று, எடைக்கு எடை தீர்வை செலுத்திய பின்னரே வெளியேறியது. துணைக் கலெக்டர் ஹேம் சந்திர கெர் 1877இல் அளித்த அறிக்கை இம்முறைகளை முன்னரே விரித்துரைத்திருந்தது. குழுவுக்கு அது பெருந்துணையாயிற்று.

சமய வழக்கங்களும் விடுபடவில்லை. வடமொழி, இந்தி இலக்கியங்களில் இச்செடி பற்றிய செய்திகளை மொழியறிஞர் கிரியர்சன் தொகுத்தளித்தார். கஞ்சாவின் சமயத் தொடர்பு குறித்துப் பம்பாயின் ஜே.எம். காம்ப்பெல் எழுதிய குறிப்பு, ஓர் அரசாங்க அறிக்கையின் பின்னிணைப்பில் எவரும் எதிர்பாராத அளவுக்கு உணர்ச்சி மிக்கது. சிவ வழிபாட்டிலும் வங்காளத்துத் துர்க்கை பூசையின் நிறைவு நாளிலும் பாங்கு பெறும் இடத்தை அறிந்த குழுவினர், அதனைத் தடுப்பது சமயத்தில் தலையிடுவதாகக் கொள்ளப்படும் என்று அஞ்சினர். 1857இன் நினைவு ஆட்சியாளர் மனத்தில் மங்காதிருந்த காலம் அது.

மனநோயாளர் விடுதிப் பதிவேடு

குழுவின் பணியில் நிலைத்த மதிப்புடையது எது எனின், மனநோயாளர் விடுதிகளின் கணக்கை அது சோதித்த முறையே எனலாம். கஞ்சா பைத்தியத்தை விளைவிக்கும் என்பது அக்காலத்தில் ஐயத்துக்கு அப்பாற்பட்ட உண்மையாக நம்பப்பட்டது. இந்திய அரசே 1871-73இல் ஒரு விசாரணை நடத்தி, நாள்பட்ட பழக்கம் பைத்தியத்துக்கு வழிகோலும் என்று ஏற்றிருந்தது. ஆண்டுதோறும் விடுதிகள் வெளியிட்ட அட்டவணைகளில் நோய்க்குக் காரணம் என்னும் பத்தியில் பிற காரணங்களை விஞ்சிக் கஞ்சா நின்றது. எண்கள் இருந்தன; எண்களை யார் மறுப்பது?

குழுவினர் எண்களை மறுக்கவில்லை. அவை எங்கிருந்து வந்தன என்று கேட்டனர். 1892இல் பிரிட்டிஷ் இந்திய விடுதிகளில் சேர்க்கப்பட்டோர் 1,344 பேர். இவர்களுள் 222 பேருக்குக் கஞ்சா முதலியனவே காரணம் எனப் பதிவாகியிருந்தது. அதாவது நூற்றுக்குப் பதினாறுக்கு மேல். ஒவ்வொருவரையும் பற்றிய ஆவணங்களைக் குழு வரவழைத்தது. அவர்தம் ஊரிலும் உறவினரிடத்தும் மறுவிசாரணை செய்யுமாறு பணித்தது. அப்போது வெளிப்பட்ட செய்தி வருமாறு: நோயாளியை விடுதிக்கு அனுப்புகையில் உடன்வரும் விவரத்தாளில் காரணம் என்னும் கட்டத்தை நிரப்பியவர் பெரும்பாலும் மருத்துவர் அல்லர். காவலரோ குற்றவியல் நடுவர் அலுவலக எழுத்தரோ அதனை நிரப்பினர். தெருவில் அலைந்து பிடிபட்டவனுக்கு உற்றாரும் இலர். காரணம் கேட்க ஆளும் இலர். கட்டத்தை வெறுமையாக விட்டால் மேலிடத்துக் கேள்வி வரும். அவன் எப்போதேனும் கஞ்சா புகைத்தான் என்று யாரேனும் சொல்லின், கட்டம் நிரம்பிற்று. விடுதிக் கண்காணிப்பாளர் அதனை அப்படியே பதிவேட்டில் படியெடுத்தார். மாகாண அறிக்கை பதிவேட்டைக் கூட்டியது. அறிக்கையை மேற்கோள் காட்டி அடுத்த விவரத்தாளை நிரப்பும் காவலர் தம் கருத்துக்கு அறிவியல் சான்று பெற்றார்.

மறுவிசாரணையின்பின் 222இல் எஞ்சியவை 98. அவற்றுள்ளும் கஞ்சா மட்டுமே காரணம் என ஏற்கத்தக்கவை 61. ஏனைய 37இல் வேறு காரணங்களும் கலந்திருந்தன. மொத்தச் சேர்க்கையில் இது நூற்றுக்கு ஏழு அளவே. குழு இதனோடு அமையாமல், ஆய்வுக்கூடச் சோதனையையும் நாடியது. கல்கத்தாவில் டி.டி. கன்னிங்காம் குரங்குகளுக்குக் கஞ்சாப் புகையூட்டி, அவற்றின் மூளையில் நேரும் மாற்றங்களை ஊமத்தை, அபினி ஆகியவற்றின் விளைவுகளோடு ஒப்பிட்டார். கொலைக் குற்றங்களுக்குக் கஞ்சா காரணம் என்ற கூற்றும் வழக்கு ஆவணங்களோடு ஒத்துநோக்கப்பட்டது. பெரும்பாலும் அது நிலைபெறவில்லை.

இங்கு ஒன்று கருதத்தக்கது. கஞ்சாவால் தீங்கே இல்லை என்று குழு கூறவில்லை. மிதமிஞ்சிய பழக்கம் உடலையும் உள்ளத்தையும் கெடுக்கும் என்றும், ஏற்கெனவே மனத்தளர்ச்சி உடையவரிடத்து நோயைத் தூண்டும் என்றும் தெளிவாக எழுதியது. இன்றைய மருத்துவ ஆய்வுகள், குறிப்பாக இளம் வயதில் வீறுமிக்க சரக்கைப் பயன்படுத்துவோர்க்கு மனநோய் நேரும் வாய்ப்பைப் பற்றியவை, இவ்வெச்சரிக்கைக்கு வலிமை சேர்க்கின்றன. குழுவின் அறிக்கையைக் கஞ்சாவுக்கு அளிக்கப்பட்ட நற்சான்றிதழ்போல் இன்று எடுத்தாள்வோர் இப்பகுதியைக் கடந்து செல்கின்றனர்.

முடிவும் மாறுபாடும்

மிதமான பயன்பாடு குறிப்பிடத்தக்க தீங்கு செய்வதில்லை. மிதமிஞ்சியோர் ஒப்பீட்டளவில் சிலரே. எனவே முழுத்தடை தேவையன்று, பயன் தருவதும் அன்று என்பது பெரும்பான்மையினர் முடிவு. தடை விதித்தால் மக்கள் மதுவுக்கோ ஊமத்தைக்கோ திரும்புவர் என்றும், காட்டிலும் கொல்லையிலும் தானே முளைக்கும் செடியைத் தடுக்கப் போலீசுக்கு அளவற்ற அதிகாரம் தர நேரும் என்றும், அவ்வதிகாரம் மக்களைத் துன்புறுத்தவும் கையூட்டுப் பெறவும் பயன்படும் என்றும் அவர்கள் வாதிட்டனர். மாற்றாக அவர்கள் கூறியது: சாகுபடியை உரிமத்தால் ஒரு சில இடங்களில் குவித்தல், நேர் தீர்வையை இயன்றவரை உயர்த்துதல், கடைகளின் எண்ணிக்கையைக் குறைத்தல், ஒருவர் கைவசம் வைத்திருக்கத்தக்க அளவுக்கு வரம்பிடுதல். தீர்வை மிக உயர்ந்தால் கள்ளச் சரக்குப் பெருகும் என்பதையும் உணர்ந்தே இவற்றைப் பரிந்துரைத்தனர். இந்திய அரசு 1895இல் இவற்றின் பெரும்பகுதியை ஏற்றது. சென்னை மாகாணத்தில் அதுவரை தளர்ந்திருந்த முறை இறுக்கமடைந்தது. கிருஷ்ணா, வட ஆர்க்காடு மாவட்டங்களின் சாகுபடி உரிமக் கட்டுப்பாட்டின்கீழ் வந்தது.

ஆயினும் அறிக்கை ஒருமனதானதன்று. ராஜா சசி சேகரேசுவர ராயும் லாலா நிகால் சந்தும் தனித்தனியே மாறுபட்ட குறிப்புகளை எழுதி இணைத்தனர். கஞ்சாவின் தீங்கைப் பெரும்பான்மையினர் குறைத்து மதிப்பிட்டனர் என்பது அம்மாறுபாட்டின் சாரம். இந்திய உறுப்பினர் மூவருள் இருவர் தடைக்குச் சார்பாகவும், ஆங்கில அலுவலர் அனைவரும் விற்பனைக்குச் சார்பாகவும் நின்றமை எளிதில் ஒதுக்கத்தக்க செய்தி அன்று. கலால் வருவாயால் ஊதியம் பெறும் அலுவலர்க்கு முழுத்தடை உவப்பாய் இருந்திராது என்ற ஐயம் இயல்பே. ஆயின், சாட்சியத்தை எடைபோட்ட முறை வேறு, முடிவால் நன்மை பெற்றவர் யார் என்பது வேறு. பின்னதைக் காட்டி முன்னதைத் தள்ளிவிடுதல் வரலாற்றாய்வுக்குப் பொருந்தாது. பதிவேட்டைச் சோதித்த உழைப்பு வருவாய்க்காக மட்டும் செய்யப்பட்டதாகத் தோன்றவில்லை.

அபினி ஆணையத்தை இதனோடு ஒப்பிட்டால் வேறுபாடு புலனாகும். பிராசி பிரபுவின் தலைமையில் அமைந்து 1895இல் அறிக்கை அளித்த அவ்வாணையமும் எழுநூறுக்கு மேற்பட்ட சாட்சிகளை விசாரித்தது. அதுவும் தடை வேண்டா என்றே கூறியது. தர்பங்கா மகாராஜா லட்சுமேசுவர சிங்கும் ஜுனாகத்தின் முன்னாள் திவான் ஹரிதாஸ் விகாரிதாசும் அதில் இடம்பெற்ற இந்தியர். ஆயின் சாட்சிகளைத் தேர்ந்து நிறுத்துவதில் இந்திய அரசு அலுவலர் கொண்ட பங்கை உறுப்பினர் ஹென்றி வில்சன் கடுமையாகக் குறைகூறி, அறிக்கையோடு மாறுபட்டார். அபினி முறைக்காய்ச்சலைத் தணிக்கும் என்னும் மருத்துவக் கருத்துக்கு அவ்வறிக்கை அளித்த இடம் பிற்கால அறிவியலில் நிலைக்கவில்லை. சீனத்தின் நிலையோ ஆணையத்தின் பார்வையில் பெரிதும் ஒதுங்கியே நின்றது. இரு குழுக்களும் ஒரே காலத்தன; ஒரே முடிவினைக் கூறின; ஆயின் ஒன்றின் நேர்மையை மற்றொன்றுக்குக் கடனாகத் தருதல் கூடாது. அபினி ஏற்றுமதி, அறிக்கையின் அறிவுரைக்கு மாறாக, 1907ஆம் ஆண்டு உடன்பாட்டின்படி படிப்படியாகக் குறைந்து 1913இல் சீனத்துக்கு முற்றிலும் நின்றது.

ஜெனீவாவில் நிகழ்ந்தது

கஞ்சா உலகச் சட்டத்துக்குள் வந்தது 1925இல். அபினி, கொகேயின் ஆகியவற்றுக்கெனக் கூடிய ஜெனீவா மாநாட்டில் எகிப்தின் பிரதிநிதி டாக்டர் எல் கிண்டி, ஹஷீஷையும் சேர்க்க வேண்டும் என்றார். தம் நாட்டு மனநோயாளருள் நூற்றுக்கு முப்பது முதல் அறுபது பேர் ஹஷீஷால் அந்நிலையை அடைந்தவர் என்று அவர் கூறியது அவையை உலுக்கியது. விடுதிப் பதிவேட்டிலிருந்து பிறந்த எண் மீண்டும் மேடையேறிற்று. அத்தகைய எண் எவ்வாறு உருவாகின்றது என்பதை முப்பது ஆண்டுகளுக்கு முன் ஏழு தொகுதிகளில் விளக்கிய அறிக்கை இந்திய அரசின் கைவசமே இருந்தும், மாநாட்டின் போக்கை அது மாற்றவில்லை. இந்தியத் தரப்பு உள்நாட்டு வழக்கத்தைக் காக்கும் எச்சரிக்கைகளை மட்டும் பதிந்து ஒதுங்கியது. பெண் செடியின் பூங்கொத்தும் காய்க்கொத்துமே உடன்படிக்கையின் வரையறைக்குள் வந்தன. இலை வெளியே நின்றது.

இதே காலத்தில் காங்கிரசின் நிலையும் உருப்பெற்றது. அசாமில் ஒத்துழையாமை இயக்கத்தின் ஒரு பகுதியாக அபினி எதிர்ப்பு வலுத்தது, 1925இல் அம்மாகாணக் காங்கிரசு தன் அபினி விசாரணை அறிக்கையை வெளியிட்டது, சி.எஃப். ஆண்ட்ரூஸ் இதில் ஈடுபட்டு உழைத்தார். போதையால் வருவாய் ஈட்டுவது அந்நிய ஆட்சியின் அறக்கேட்டுக்கு அடையாளம் என்னும் எண்ணம் வேரூன்றியது. இராஜாஜி அமைச்சரவை 1937 அக்டோபர் 1ஆம் நாள் சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கைத் தொடங்கியது. அதற்கென இயற்றிய சட்டத்தின் முகப்பிலேயே மதுவோடு போதைப் பொருள்களும் இடம்பெற்றுள்ளன. கட்டுப்பாட்டுக் கொள்கை அந்நியருடையது, தடைக் கொள்கை நம்முடையது என்ற பிரிவு இவ்வாறு ஏற்பட்டது. 1893இல் எழுந்த விவாதத்தின் மறுபக்கத்தில் நின்றோர் பலர் இங்கிலாந்தின் மதுவிலக்கு இயக்கத்தார் என்பது அதற்குள் மறந்துபோயிற்று.

அரசியலமைப்பு அவையில் இப்பொருள் 1948 நவம்பரில் வந்தபோது பெரும்பாலோர் தடையை வரவேற்றனர். மாறுபட்டுப் பேசியவருள் முதன்மையானவர் ஜெய்பால் சிங். பழங்குடியினரின் வழிபாட்டிலும் வயல்வேலையிலும் அரிசிக் கள் பெறும் இடத்தை அறியாமல் நாட்டினர் அனைவருக்கும் ஒரே விதி வகுப்பது அவர்தம் சமய உரிமையில் கைவைப்பதாகும் என்பது அவர் வாதம். கஞ்சாக் குழுவினர் பாங்கு பற்றிக் கூறியதும் ஏறத்தாழ இதுவே. ஆனால் ஒருவர் சொல்லை மற்றவர் அறிந்திருந்ததாகத் தெரியவில்லை. மருத்துவப் பயனுக்கு விலக்களித்து, உடல்நலத்துக்குக் கேடான மதுவகைகளையும் போதைப் பொருள்களையும் தடைசெய்ய அரசு முயல வேண்டும் என்னும் நெறி 47ஆம் பிரிவாக நிலைபெற்றது.

1985ஆம் ஆண்டுச் சட்டம்

அபினியின் மருத்துவமல்லாப் பயன்பாட்டைப் பத்தாண்டுகளில் நிறுத்துவது என 1949இல் எடுத்த முடிவு 1959இல் நிறைவேறியது. கஞ்சாவோ மாநிலங்களின் கலால் கடைகளில் தொடர்ந்து விற்றது. 1961ஆம் ஆண்டின் ஐ.நா. ஒற்றை உடன்படிக்கை, அது நடைமுறைக்கு வந்து இருபத்தைந்து ஆண்டுகளுக்குள் இத்தகைய விற்பனையை நிறுத்துமாறு விதித்தது. 1964 டிசம்பரில் தொடங்கிய அக்கெடு 1989இல் முடிய வேண்டும். இதற்கிடையில், 1979க்குப்பின் ஈரானிலும் ஆப்கானிஸ்தானத்திலும் நேர்ந்த மாற்றங்களால் ஹெராயின் கடத்தல் வழிகள் இந்தியாவை நோக்கித் திரும்பின. 'பிரவுன் சுகர்' பெருநகரங்களில் பரவியது. உண்மையான அச்சம் அது. அந்த அச்சத்தில் பிறந்ததே போதைப் பொருள்கள் மற்றும் மனமயக்கப் பொருள்கள் சட்டம். 1985 ஆகஸ்டில் முன்வைக்கப்பட்ட மசோதா செப்டம்பர் 16ஆம் நாள் குடியரசுத் தலைவரின் இசைவைப் பெற்று, நவம்பர் 14 முதல் நடைமுறைக்கு வந்தது. 1893-94இல் ஓராண்டு நடந்த விசாரணையை இக்கால அளவோடு ஒப்பிடுக. ஹெராயினை எண்ணி எழுதப்பட்ட சட்டத்தின் வலைக்குள் சிற்றூர்ச் சாமியாரின் சிலிமும் வந்து சேர்ந்தது.

சட்டத்தின் வரையறைப் பகுதியே மொழியாராய்ச்சியாளர் நோக்கத்தக்கது. சரஸ், கஞ்சா என்னும் நாட்டு வழக்குச் சொற்கள் அதில் அப்படியே இடம்பெறுகின்றன. கஞ்சா என்பது பூங்கொத்தும் காய்க்கொத்தும். கொத்தோடு சேராத இலையும் விதையும் கஞ்சா ஆகா. எனவே இலையாலாகிய பாங்கு, சட்டத்தில் பெயர் சொல்லப்படாமலேயே விலக்குப் பெற்றது. உத்தரப்பிரதேசம், இராஜஸ்தான் முதலிய மாநிலங்களில் அரசின் உரிமம் பெற்ற பாங்குக் கடைகள் இதனால்தான் இயங்குகின்றன. அபினிக்கும் இத்தகைய இரட்டை வாழ்வு உண்டு. மத்தியப்பிரதேசம், இராஜஸ்தான், உத்தரப்பிரதேசம் ஆகியவற்றின் உரிமம் பெற்ற உழவர் கீறியெடுக்கும் அபினிப் பால், மருந்து செய்தற்பொருட்டு நீமச்சுக்கும், 1820இல் தொடங்கிய காசிப்பூர்த் தொழிற்சாலைக்கும் இன்றும் செல்கின்றது. கஞ்சா மகாலில் கண்ட உரிமம், எடை, கிடங்கு என்னும் முறைமை இங்கு அழியாமல் நிற்கின்றது.

2001ஆம் ஆண்டுத் திருத்தம் அளவுக்கு ஏற்பத் தண்டனையைப் பகுத்தது. கஞ்சாவில் ஒரு கிலோ வரை சிற்றளவு. இருபது கிலோவுக்கு மேற்பட்டது வணிக அளவு. வணிக அளவாயின் குறைந்தது பத்தாண்டுச் சிறை. பிணை கிடைப்பதும் அரிது. ஒரு கிலோ வரை சிற்றளவு என்னும் இவ்வரையறையில், 'கைவசம் வைத்திருக்கத்தக்க அளவு' என்ற 1894ஆம் ஆண்டுப் பரிந்துரையின் நிழலைக் காணலாம். அன்று அது உரிமையின் எல்லை, இன்று தண்டனையின் படி. 2020 டிசம்பர் 2ஆம் நாள் ஐ.நா. போதைப் பொருள் ஆணையம், மிகக் கடுமையான நான்காம் பட்டியலினின்று கஞ்சாவை நீக்க 27க்கு 25 என்ற வாக்குகளால் முடிவு செய்தபோது இந்தியா நீக்கத்துக்குச் சார்பாக வாக்களித்தது. உள்நாட்டுச் சட்டத்தில் அதனால் மாற்றம் எதுவும் நேரவில்லை.

இன்று கஞ்சா வழக்குகள் பல, எடைபோட்ட முறையில் வந்து நிற்கின்றன. மூட்டையில் இருந்த இலை, தண்டு, விதை ஆகியவற்றைப் பிரிக்காமல் ஒருங்கே நிறுத்துக் காவலர் மகசரில் 'கஞ்சா' என்று எழுதுகின்றனர். கொத்தை மட்டும் தனியே நிறுத்திருந்தால் இருபது கிலோவை எட்டியிராது என்று எதிர்த்தரப்பு வாதிடுகின்றது. அவ்வாதத்தை ஏற்று உயர்நீதிமன்றங்கள் பிணை வழங்கிய வழக்குகளும் உள, ஏற்காதனவும் உள. விவரத்தாளின் ஒரு கட்டத்தில் ஒரு சொல்லை எழுதும் பொறுப்பு, 1892இல் இருந்தது போலவே, மருத்துவரும் வேதியியலாரும் வந்து சேர்வதற்கு முன்னரே அங்கு நிற்கும் காவலரிடத்து இருக்கின்றது.